அடுக்காத வீட்டைப் படம் எடுக்கிறவர் உண்மையில் என்ன செய்கிறார்?

வீட்டுக்குள் அன்றாடம் நடக்கிறதை, அதுவும் குசினியையும் அடுக்காத மேசையையும், ஒருவர் ஆவணப்படமாக எடுக்கிறார் என்று யாழ்ப்பாணத்தில் சொல்லிப் பாருங்கள். பெரும்பாலும் இரண்டு பதில் வரும். ஒன்று, "இதுக்கு ஏன் படம், போனை ஓன் பண்ணி வச்சால் சரிதானே." மற்றது, "எங்கட வீட்டு ஊத்தையை ஏன் ஊருக்குக் காட்டுவான்." இரண்டும் ஒரே இடத்தில் இருந்துதான் வருகின்றன. கமரா முன்னால் இருப்பதை அப்படியே அள்ளிக்கொண்டு போய்விடும், எடுக்கிறவருக்கு அதில் பெரிய வேலை ஒன்றும் இல்லை என்ற எண்ணம். யூரியூப்பில் ஹோம் ரூர் பார்த்துப் பழகிய கண்ணுக்கு அப்படித் தோன்றுவதில் ஆச்சரியமில்லை. இந்த வகைப் படம் உண்மையில் எப்படி வேலை செய்கிறது என்பதை, சினிமா படிக்காதவருக்கும் விளங்குகிற மாதிரி எழுதிப் பார்க்கிறேன். கமரா மொடல், லென்ஸ் விசயங்கள் இதில் வராது. அது வேறு ஆட்களின் சண்டை.

முதலில், இது எது இல்லை

எங்கள் வீடுகள் கமராவுக்குள் வருவது புதுசில்லை. சாமத்தியவீடு, கலியாணவீடு, அந்தியேட்டி வரைக்கும் வீடியோ உண்டு, இப்போது மேலே ட்ரோனும் பறக்கிறது. ஆனால் அந்த வீடியோக்களில் வீடு வெறும் பின்னணி. வெள்ளை அடித்து, தோரணம் கட்டி, கதிரைகளுக்கு உறை போட்ட பிறகுதான் கமராக்காரர் படலையைத் தாண்டுவார். ஹோம் ரூர் இன்னொரு விதம். அதில் வீட்டுக்காரரே முன்னுக்கு நடப்பார்: இது ஹோல், இது சாமியறை, இது போன வருசம் கட்டின குசினி. பூட்டின அறைப் பக்கம் கமரா திரும்பாது.

ஆவணப்படம் என்பது உண்மையான ஆட்களையும் இடங்களையும் வைத்து, எடுக்கிறவர் தன் பார்வையில் கட்டுகிற படம். 'கட்டுகிற' என்பதைக் கவனியுங்கள். ஆங்கிலத்தில் இந்தப் பெயரைப் படங்களுக்குப் புழக்கத்துக்குக் கொண்டுவந்தவர் ஜோன் கிரியர்சன் என்ற ஸ்கொட்லாந்துக்காரர், 1926இல் ஒரு நியூயோர்க் பத்திரிகையில் எழுதிய விமர்சனத்தில். உள்ளதை வைத்துப் படைப்பது என்பதுதான் ஆவணப்படம் பற்றி அவர் பின்னாளில் சொன்ன விளக்கத்தின் சாரமும். அதற்குள் ஒரு வகை அவதானிப்புப் படம்: பின்னணிக் குரல் இல்லை, பேட்டி இல்லை அல்லது மிகக் குறைவு, கமரா நின்று பார்க்கிறது, விளங்கிக்கொள்வது பார்க்கிறவர் பொறுப்பு. வீட்டு வாழ்க்கையைப் படமாக்குகிறவர்களில் கனபேர் இந்த வழியில்தான் போகிறார்கள், அல்லது இதில் பாதியைத் தங்கள் வழியோடு கலக்கிறார்கள்.

ஆக, விழா முடிந்து வாடகைக் கதிரைகளை லாண்ட்மாஸ்டரில் திருப்பி ஏற்றிவிட்ட பிறகு மிஞ்சுகிற வீடுதான் இங்கே விசயம்.

கமராவும் ஒரு விருந்தாளி

யாராவது "வாறம்" என்று போன் எடுத்தால் நம்மில் அநேகம் பேர் வீட்டில் என்ன நடக்கும் என்று சொல்லத் தேவையில்லை. விறாந்தை கூட்டுப்படும், கதிரையில் கிடந்த உடுப்பெல்லாம் அள்ளுப்பட்டு உள்ளறைக் கட்டிலில் விழும், அந்த அறைக் கதவு சாத்துப்படும், அலுமாரியில் இருந்து நல்ல கோப்பைகள் இறங்கும். வந்தவர் தேத்தண்ணியும் பிஸ்கட்டும் சாப்பிட்டு, யாரும் சீவிக்காத ஒரு வீட்டைப் பார்த்துவிட்டுப் போவார். ஆனால் அதே வீட்டுக்கு ரியூசனுக்காக ஒரு மருமகள் வந்து மாதக்கணக்கில் நிற்கிறாள் என்று வையுங்கள். முதல் நாள் அவளுக்கும் நல்ல கோப்பைதான். நாலைந்து நாளில் கதிரையில் உடுப்பு திரும்ப ஏறிவிடும். பிறகு அவள் முன்னாலேயே சண்டை நடக்கும், அதற்குப் பிறகு அவளையே கோப்பை கழுவச் சொல்வார்கள்.

கமராவும் இப்படித்தான் வருகிறது. தன்னை ஒருவர் பார்க்கிறார் என்று தெரிந்ததும் மனிதர் மாறுவது படம் எடுக்கிறவர்களின் முதல் பிரச்சினை, இதைக் கமரா விளைவு என்று வைத்துக்கொள்வோம். இது முற்றாக ஒருநாளும் போகாது. மழுங்கும். மழுங்குகிற வரைக்கும் வந்துபோய்க்கொண்டே இருப்பதுதான் வேலையில் பெரும் பகுதி, அந்த நாட்களில் எடுத்தது பெரும்பாலும் படத்துக்குள் வராது. வெளியில் இருந்து பார்க்கிறவருக்கு இது வேலையாகவே தெரியாது. "அந்தப் பெடியன் சும்மா வந்து இருந்து தேத்தண்ணி குடிச்சிட்டுப் போறான்" என்பார்கள்.

பொறுமை இல்லாதபோதும் வசதி இல்லாதபோதும் ஆட்கள் குறுக்கு வழி எடுத்திருக்கிறார்கள். ரொபர்ட் ஃபிளாஹர்ட்டி கனடாவின் வடக்கில் இன்யுவிட் மக்களை எடுத்து 1922இல் வெளியிட்ட படத்தில் பனிவீட்டுக்குள் குடும்பம் நித்திரை விட்டு எழும்புகிற காட்சி வரும். உண்மையான பனிவீட்டுக்குள் பெரிய கமராவுக்கு இடமும் இல்லை, வெளிச்சமும் இல்லை. அதனால் ஒரு பக்கம் திறந்த வீடு ஒன்றைக் கட்டி, அந்தக் குளிருக்குள் அவர்களைப் படுத்தெழும்பச் செய்தார். இது பொய்யா, தேவையா என்று நூறு வருசமாகப் பேசுகிறார்கள். என் கருத்தைக் கேட்டால், அன்றைய கருவியோடு அவருக்கு வேறு வழி குறைவு, ஆனால் பார்க்கிறவருக்குச் சொல்லியிருக்க வேண்டும். 1960 அளவில் தோளில் வைக்கிற கமராவும், அதோடு ஒத்து ஓடுகிற சிறிய ஒலிப்பதிவுக் கருவியும் வந்த பிறகுதான் ஒருவர் இருவராக ஒரு குசினிக்குள் போய் நிற்பது சாத்தியமானது. இன்றைக்குப் போன் அதைவிடச் சிறிது. கருவிப் பிரச்சினை தீர்ந்துவிட்டது, விருந்தாளிப் பிரச்சினை அப்படியேதான் இருக்கிறது.

எதை விடுகிறார்

கமராவின் நான்கு ஓரங்களுக்குள் அடங்குகிற பரப்பு சட்டகம். அதற்குள் எதை வைப்பது என்பதைவிட எதை வெளியே விடுவது என்பதில்தான் எடுக்கிறவரின் புத்தி தெரியும். குசினி வாசலில் நின்ற உயரத்தில் இருந்து எடுத்தால் தட்டுமுட்டுச் சாமான் எல்லாம் ஒரே குவியலாக விழும், பார்க்கிறவருக்கு "என்ன அலங்கோலம்" என்பதற்கு மேல் ஒன்றும் தோன்றாது. அதே இடத்தில், அம்மா தேங்காய் திருவ இருக்கிற பலகையின் உயரத்துக்குக் கமராவை இறக்குங்கள். இப்போது தெரிவது மேசைக்குக் கீழே உள்ள உலகம்: அரிசி வாளி, பழைய பேப்பர்க் கட்டு, ஒரு சோடியில் தனித்துப்போன செருப்பு, அதற்குப் பின்னால் யாரோ வந்து போகிற கால்கள். அவ எட்டி எடுக்கக்கூடிய தூரத்தில் எது எது இருக்கிறது என்பதும் அப்போதுதான் தெரியும். குவியல் என்று நினைத்தது அவவின் கைக்கு ஒழுங்குதான்.

இன்னொன்று, சட்டகத்துக்குள் எடுக்கிறவர் கேட்காததும் வந்து விழும். 1895இல் லூமியே சகோதரர்கள் பாரிஸில் காட்டிய முதல் படங்களில் ஒன்று, தாயும் தகப்பனும் மேசையில் இருந்து குழந்தைக்குச் சாப்பாடு ஊட்டுவது. ஒரு நிமிசமும் இல்லை. தகப்பன் லூமியே சகோதரர்களில் ஒருவரேதான், அதாவது சினிமா பிறந்த வருசத்திலேயே ஆட்கள் சொந்த வீட்டைப் படம் எடுத்துவிட்டார்கள். அதைப் பார்த்தவர்களுக்குக் குழந்தையைவிட, பின்னால் மரத்தில் இலைகள் அசைந்ததுதான் பெரிய ஆச்சரியம் என்று சொல்வார்கள். மேடையில் அதைச் செய்ய முடியாது.

எவ்வளவு நேரம் நிற்கிறார்

இந்தக் கட்டுரையில் ஒரு பகுதியை மட்டும் வாசிக்க நேரம் இருந்தால் இதை வாசியுங்கள்.

வெட்டாமல் நீளமாகப் போகிற ஒரே எடுப்பை நீள்காட்சி என்கிறோம். ஒரு பொருளை மூன்று விநாடி காட்டினால் பார்க்கிறவர் அதற்குப் பெயர் வைத்துவிட்டு அடுத்ததுக்குப் போய்விடுவார். இரண்டு நிமிசம் காட்டினால் பெயர் வைத்து முடிந்து, அலுத்து, பிறகுதான் பார்க்கத் தொடங்குவார்.

ஒரு யாழ்ப்பாணக் குசினியின் யன்னல் கட்டை. அதில் கழுவிக் கவிழ்த்த போத்தல்கள்: ஜாம் போத்தல், ஊறுகாய்ப் போத்தல், வெளிநாட்டில் இருந்து வந்த கோப்பித்தூள் போத்தல், மூடி தொலைந்த ஹோர்லிக்ஸ் போத்தல். பின்னால் இன்னொரு வரிசை, அதற்குப் பின்னால் ஐஸ்கிரீம் பெட்டிகள் ஒன்றுக்குள் ஒன்றாக. மூன்று விநாடியில் இது குப்பை. இப்போது கமரா நிற்கட்டும். அம்மம்மா ஒரு போத்தலை எடுக்கிறா, லேபலின் மூலையை நகத்தால் கிளப்பிப் பார்க்கிறா, வரவில்லை, தண்ணிக்குள் போட்டு வைக்கிறா, வேறு வேலை பார்க்கிறா, திரும்பி வந்து அந்த லேபலைக் கிழியாமல் உரிக்கிறா, பசையை உப்புத்தூள் போட்டுத் தேய்க்கிறா, யன்னல் வெளிச்சத்துக்குப் பிடித்துப் பார்க்கிறா, மூடியை மணந்து பார்க்கிறா, கவிழ்க்கிறா. யாரும் அவவிடம் ஏன் என்று கேட்கவில்லை. ஆனால் 1990களின் பொருளாதாரத் தடைக் காலத்தை இங்கே கடந்தவருக்கு விளக்கம் வேண்டாம்: மண்ணெண்ணெய், சவர்க்காரம், பற்றரி எல்லாம் தட்டுப்பாடு, ஜாம் போத்தலில் சிக்கன விளக்கு, சைக்கிள் டைனமோவைச் சுற்றி ரேடியோ கேட்டது, பனம்பழத்தால் உடுப்புத் தோய்த்தது. ஒரு போத்தல் அப்போது ஒரு விளக்கு. அந்தக் கணக்கு மனதில் சொல்லாமலே இருந்திருக்கலாம், கை மட்டும் மறக்கவில்லை. பின்னணிக் குரலில் இதை ஒரு வசனத்தில் சொல்லிவிடலாம்தான். சொன்னால் தகவல் கிடைக்கும், அந்த மூடியை மணந்து பார்த்தது கிடைக்காது.

இதை எல்லைவரை கொண்டுபோனவர் பெல்ஜியத்தைச் சேர்ந்த ஷந்தால் அக்கர்மன். 1975இல் அவர் எடுத்த கதைப்படம் ஒன்றில் பிரசெல்ஸில் ஒரு விதவைத் தாய் உருளைக்கிழங்கு உரிப்பதும், கட்டில் விரிப்பதும், கோப்பை கழுவுவதும் கிட்டத்தட்ட உண்மையான நேரத்தில் வரும், மொத்தம் 3 மணித்தியாலம் 21 நிமிசம். நடிகையை வைத்து எடுத்ததுதான், ஆவணப்படம் இல்லை. ஆனாலும் வீட்டு வேலைக்குத் திரையில் நேரம் ஒதுக்கலாம் என்று காட்டியது அது. 2022இல் விமர்சகர்களிடம் எடுத்த ஒரு பிரபல வாக்கெடுப்பில் உலகின் சிறந்த படமாக முதலிடம் வந்தது. அலுப்பாக இருக்குமா என்று கேட்டால், ஓம், இடைக்கிடை இருக்கும். கிழங்கு உரிப்பதும் அப்படித்தானே.

குவியல் யாருடைய கண்ணுக்கு

வீட்டில் சாமான் பரந்து கிடப்பது எல்லாருக்கும் ஒரே மாதிரித் தெரியாது. லொஸ் ஏஞ்சலிஸில் கலிபோர்னியாப் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 2001 முதல் 2005 வரை 32 நடுத்தரக் குடும்பங்களின் வீடுகளுக்குப் போய், அன்றாடத்தை வீடியோவில் பதிந்து, அறை அறையாகச் சாமான்களைப் படம் எடுத்தார்கள். கார் நிறுத்தக் கட்டிய கராஜ்களில் நான்கில் மூன்றில் கார் நிறுத்த இடமில்லை, சாமான் நிரம்பிக் கிடந்தது. அதைவிட எனக்குப் பிடித்தது இன்னொரு விசயம். கமராவைக் கையில் கொடுத்து உங்கள் வீட்டைச் சுற்றிக் காட்டுங்கள் என்றபோது, அலங்கோலம், முடியாத வேலை என்று பேசிய தாய்மாரின் உடலில் மன அழுத்தத்தோடு தொடர்புள்ள கோட்டிசோல் என்ற ஹோர்மோன் நாள் முழுக்கக் குறைய வேண்டிய அளவுக்குக் குறையவில்லை. கணவன்மாரில் அந்தத் தொடர்பு அப்படித் தெரியவில்லை.

அதே மேசை, அதே குவியல். ஒருவருக்கு அது மேசை, மற்றவருக்கு மிச்சம் கிடக்கிற வேலை. நல்ல வீட்டுப் படம் ஒன்று காட்ட முயல்வது இந்த இடைவெளியைத்தான். அப்பா பேப்பரைக் குவியலுக்கு மேலேயே விரித்து வாசிக்கிறார், அம்மா கடந்து போகும்போதெல்லாம் அதில் இருந்து ஒன்றை எடுத்துக்கொண்டு போகிறா. இங்கே ஒருவரும் ஒரு சொல்லும் பேசத் தேவையில்லை.

வெட்டி ஒட்டும் இடம்

எடுத்த காட்சிகளைத் தெரிந்தெடுத்து, வெட்டி, வரிசைப்படுத்துவது படத்தொகுப்பு. நேர்மையாகப் பார்த்தால் படம் பிறப்பது இங்கேதான். சோவியத் காலத்தில் லெவ் குலெஷோவ் ஒரு பரிசோதனை செய்தார். ஒரு நடிகரின் ஒரே முகம், அடுத்ததாக ஒருதரம் சூப் கோப்பை, ஒருதரம் சவப்பெட்டி. முகம் மாறவில்லை. பார்த்தவர்கள் முதலில் பசி என்றார்கள், அப்புறம் சோகம் என்றார்கள் என்று சினிமா வகுப்புகளில் இன்றும் சொல்கிறார்கள்.

இதை நம் வீட்டுக்குக் கொண்டுவாருங்கள். அம்மா ஒரு பக்கம் பார்க்கிறா. அடுத்து, அலுமாரிக்கு மேலே விமான நிலைய ஸ்ரிக்கர் இன்னும் ஒட்டியிருக்கிற சூட்கேஸ். பிரிவு என்று நினைப்போம். சூட்கேஸை எடுத்துவிட்டு, கழுவாத சட்டிகளை வையுங்கள். களைப்பு. அவ உண்மையில் பார்த்தது பல்லியாகக்கூட இருக்கலாம். இந்த அதிகாரம் கையில் இருப்பதால்தான் இது பொறுப்பான வேலை. ஒரு காட்சியும் பொய் இல்லாமல் முழுப் படமும் பொய்யாக முடியலாம்.

எடுத்த நேரத்துக்கும் படத்தில் மிஞ்சிய நேரத்துக்கும் உள்ள கணக்கை எடுப்பு விகிதம் என்பார்கள். நிறுவனங்களையே அதிகம் படம் எடுத்த அமெரிக்கர் பிரெடரிக் வைஸ்மன் ஒரு படத்துக்கு 100 மணித்தியாலத்துக்கு மேல் எடுத்து, மாதக்கணக்காகத் தொகுப்பில் இருந்தவர் என்று பேர் பெற்றவர். "போனை ஓன் பண்ணி வச்சால் சரிதானே" என்கிறவருக்கு இதுதான் பதில். ஓன் பண்ணுவது சுகம், 100 மணித்தியாலத்தைத் திரும்ப இருந்து பார்க்கிறதுதான் ஆளை முறிக்கும்.

இதுவரை சொன்னதைக் கோர்த்தால்: கமரா விருந்தாளியாக இருப்பது மழுங்கும்வரை காத்திருந்து, எதை விடுவது என்று தெரிந்து, போதிய நேரம் நின்று, பிறகு அர்த்தம் திரியாமல் ஒட்டுகிறார். சத்தத்தையும் சேருங்கள். பிரிட்ஜின் உறுமல், பக்கத்துக் கோயில் ஸ்பீக்கர், பின்னேரம் பீத்தோவனின் இசையைப் போட்டுக்கொண்டு வருகிற பாண் விற்கிற ஓட்டோ, இவையெல்லாம் இயல்பொலி, அதாவது அந்த இடத்தில் தானாக இருக்கிற சத்தம். வீடு எங்கே இருக்கிறது, இப்போது எத்தனை மணி என்பதை எழுத்துப் போடாமல் சொல்வது அதுதான். மேலே வீணை இசையைப் போட்டு மூடிவிடுகிறவர்களைக் கண்டால் எனக்குக் கோபம் வரும்.

இங்கே இதற்கு ஏன் கூடுதல் கனம்

1995 ஒக்ரோபர் கடைசியில் யுத்த இடப்பெயர்வில் வலிகாமம் முழுக்கப் பூட்டிக்கொண்டும் பூட்டாமலும் வெளிக்கிட்ட ஊர் இது. வீட்டில் என்னென்ன இருந்தது என்று கேட்டால் படம் இல்லை, அல்பமும் அங்கேயே போய்விட்டது. யாழ்ப்பாணத்து ஓவியர் தா. சனாதனன் இடம்பெயர்ந்தவர்கள் தங்கள் இழந்த வீடுகளை ஞாபகத்தில் இருந்து வரைந்தவற்றைச் சேர்த்து 2011இல் ஒரு நூலாகக் கொண்டுவந்தார். கிணறு எங்கே, மாமரம் எங்கே என்று ஞாபகம் இருக்கும். லாச்சிக்குள் என்ன கிடந்தது என்பதை வரைவது கஷ்டம்: எந்தப் பூட்டுக்கும் சேராத திறப்புகள், முடிந்துபோன குளிசை அட்டை, ஒரு கனடாச் சதம், இறப்பர் பாண்ட் சுற்றின தபால் கட்டு.

இன்னொரு பக்கம், பிள்ளைகள் வெளியிலும் தாய் தகப்பன் இங்கேயுமாக உள்ள வீடுகள். அக்கர்மன் தன் தாயின் கடைசிக் காலத்தில் அவரது பிரசெல்ஸ் வீட்டிலேயே ஒரு ஆவணப்படம் எடுத்தார், 2015இல் வந்தது. அதில் குசினி மேசையில் இருந்து சாப்பிட்டபடி நடக்கிற பேச்சும் உண்டு, தூரத்தில் இருந்து ஸ்கைப்பில் தாயோடு கதைக்கிறதும் உண்டு. ரொரன்டோவில் இருந்தும் லண்டனில் இருந்தும் பிள்ளைகள் தாயின் நெற்றியையும் ஃபான் சுற்றுகிற சீலிங்கையும் மாறி மாறிப் பார்க்கிற ஊரில் அது யாருக்கும் விளங்கும்.

அனுமதி ஒருதரம் கேட்டால் போதாது

"ஓம் தம்பி, எடும்" என்று படலையில் சொன்ன ஆள், தன் கிளினிக் கொப்பி திரையில் வரும் என்று நினைத்துச் சொல்லியிருக்கமாட்டார். குவியலுக்குள் அடையாள அட்டை கிடக்கும், வங்கிப் புத்தகம் கிடக்கும், காணி உறுதி கிடக்கும், சுவரில் பிள்ளையின் பள்ளிக்கூடச் சான்றிதழ் பெயரோடு தொங்கும். எடுத்த பிறகு கேட்க வேண்டும், தொகுத்த பிறகும் வெளியே விட முதல் வீட்டுக்காரருக்குப் போட்டுக் காட்ட வேண்டும். வேண்டாம் என்றால் வெட்ட வேண்டும், படம் பழுதானாலும். ஊருக்கு ஊத்தையைக் காட்டுவான் ஏன் என்ற கேள்வி நியாயமான கேள்வி. காட்டுவதா இல்லையா என்று முடிவு சொல்கிற உரிமை வீட்டில் இருக்கிறவருக்கு உண்மையாகவே இருந்தால்தான் அதற்கு மரியாதையாகப் பதில் சொல்ல முடியும்.

தொடங்க நினைக்கிறவர்களுக்கு

சொந்த வீட்டில் தொடங்குங்கள், அதுவும் முழு வீட்டில் இல்லை. ஒரு மேசை, அல்லது ஒரு யன்னல் கட்டை, அல்லது சைக்கிள் சாத்துகிற சுவர். போனை எதிலாவது சாய்த்து, படுக்கைவாட்டில் வைத்து, பத்து நிமிசம் தொடாமல் விடுங்கள். அதே நேரத்துக்கு, அதே இடத்தில் இன்னும் சில நாள் எடுங்கள். சீலிங் ஃபானை நிறுத்தக்கூடிய காலநிலை என்றால் நிறுத்துங்கள், அந்தச் சத்தம் பேச்சைத் தின்றுவிடும். எதையும் அடுக்க வேண்டாம், அலங்கோலத்தைக் கூட்டிக் காட்டவும் வேண்டாம். பார்க்கும்போது எந்தப் பொருள் இடம் மாறியிருக்கிறது, யார் மாற்றியது என்று மட்டும் கவனியுங்கள்; கதை பெரும்பாலும் அங்கே இருந்துதான் தொடங்கும். எடுத்ததை அன்றைக்கே இன்னொரு இடத்தில் பிரதி பண்ணி வையுங்கள், ஏனென்றால் போன் நிரம்பியதும் ஆட்கள் முதலில் அழிப்பது இந்த மாதிரி ஒன்றும் நடக்காத வீடியோக்களைத்தான்.